முதுகு காட்டாமல் பார்த்த தீவு

ஊருக்கு ஒரு புத்திசாலி இருந்தால் போதும், மற்றவர்கள் அவன் பேச்சைக் கேட்டுப் பிழைத்துக்கொள்வார்கள். கொண்டைக்குளத்தில் எல்லோருமே புத்திசாலிகள். சங்கடமே அதில்தான்.

அந்த ஊர் வெள்ளத்தாய்க்கு உரக்கடைக் குலுக்கலில் பரிசு விழுந்தது. நாலு பேர் விமானம் ஏறி இலங்கைக்குப் போகலாம். ஐந்து நாள் வழிகாட்டி ஒருவர் கூடவே வந்து கோயில், குகை, கோட்டை எல்லாம் சுற்றிக் காட்டுவார். சாப்பாடும் படுக்கையும் உரக்கம்பெனி செலவு.

வெள்ளத்தாய்க்குச் சந்தோஷத்தில் கால் தரையில் நிற்கவில்லை. காரணம் இருந்தது. உரக்கடைச் சுவரில் இலங்கைப் படம் போட்ட காலண்டர் ஒன்று பல வருஷமாகத் தொங்குகிறது. ஒரு பெரிய பாறை, அதன் அடியில் கல்லால் செய்த இரண்டு சிங்கப் பாதங்கள். பாதம் மட்டும்தான், தலை இல்லை. யூரியா வாங்கப் போகும்போதெல்லாம் அவள் கடைக்காரரிடம் கேட்பாள்: "ஏண்ணே, சிங்கத்தோட தலை எங்க?" அவரும் சளைக்காமல் சொல்வார்: "அச்சடிக்கையில விட்டுருப்பான் தாயி."

அந்தத் தலையை நேரில் போய்ப் பார்க்க வேண்டும் என்பது அவளுடைய ஒரே ஆசை. ஆனால் பயண நாள் வந்தபோது அவளுடைய எருமை நிறைமாதம். பேறுகாலத்தில் எருமையை விட்டுப் போக யாருக்கு மனசு வரும்? அழுதுகொண்டே தன் இடத்தைப் புருஷன் சடையாண்டிக்குக் கொடுத்தாள்.

"ஏங்க, அந்தச் சிங்கத்துக்குத் தலை இருக்கா, இருந்தா எங்க இருக்குன்னு ஒங்க கண்ணால பாத்துட்டு வந்து சொல்லணும். சொல்லாம வீட்டுக்குள்ள கால் வைக்கக் கூடாது."

"சரி" என்றான் சடையாண்டி. அவனுக்குப் பெண்டாட்டி மேல் உயிர். அவளுக்குப் பதில் கொண்டுவராமல் திரும்புவதில்லை என்று மனசுக்குள் சத்தியமே செய்துகொண்டான்.

துணைக்கு மூன்று பேர். முதலாவது வெள்ளத்தாயின் தம்பி ஒச்சு. இரண்டாவது மொக்கைச்சாமி, வயதில் மூத்தவர், எந்தச் சிக்கலுக்கும் தீர்ப்புச் சொல்லக்கூடியவர், தீர்ப்புக்குப் பிறகு சிக்கல் இரண்டாகும். மூன்றாவது நல்லமாயன். அவன் அதிகம் பேச மாட்டான். "அதானே" என்பான். யார் எதைச் சொன்னாலும் அதைத்தான் சொல்வான்.

கொழும்பில் இறங்கியதும் வழிகாட்டி வந்து கைகூப்பினார். பெயர் தவராசா, யாழ்ப்பாணத்துக்காரர். இந்த வேலையில் எத்தனையோ விதமான மனிதர்களைப் பார்த்துவிட்டதாக அவர் நினைத்துக்கொண்டிருந்தார். பாவம்.

முதலில் அநுராதபுரம் போனார்கள். கோயில் வாசலில் வேனை நிறுத்தி, தவராசா நாலு பேரையும் நிழலில் நிற்க வைத்தார்.

"ஐயாமார், வடிவாக் கேளுங்கோ. இந்த நாட்டில புத்தர் சிலைக்கு முதுகு காட்டப்பிடாது. அது பெரிய மரியாதைக் குறைவு. விளங்கினதோ?"

"வெளங்குச்சு" என்றார்கள் நாலு பேரும்.

விளங்கியது என்று சொன்னால் கொண்டைக்குளத்துக்காரர்களுக்கு விளங்கியதுதான். உள்ளே போனார்கள், கும்பிட்டார்கள். பிறகு சிலையைப் பார்த்தபடியே பின்னால் நடக்க ஆரம்பித்தார்கள். வாசல் தாண்டியது, படி தாண்டியது, செருப்பு விட்ட இடமும் தாண்டியது. பூ விற்கிற அம்மாவின் தாமரைக்கூடையில் நல்லமாயன் உட்கார்ந்து எழுந்தான். அப்படியே போய் வேனின் கதவில் முதுகு இடித்ததும் நின்றார்கள்.

தவராசாவுக்குக் கண் கலங்கிவிட்டது. இவ்வளவு பக்தியான ஆட்களை அவர் பார்த்ததே இல்லை.

வேன் புறப்பட்டது. நாலு பேரும் இருக்கையில் முழங்காலிட்டு, பின்கண்ணாடி வழியாகக் கோயில் இருந்த திசையைப் பார்த்துக்கொண்டு வந்தார்கள். கொஞ்ச தூரம் போனதும் ஒச்சு தற்செயலாகத் தலையைத் திருப்பினான். "ஐயையோ" என்றான்.

வேன் ஓட்டுபவருக்கு முன்னால், கண்ணாடிக்குக் கீழே, விரல் உயரத்தில் ஒரு புத்தர் உட்கார்ந்திருந்தார்.

"மச்சான், இம்புட்டு நேரமும் இவருக்கு முதுகக் காட்டிக்கிட்டா வந்தோம்!"

நாலு பேரும் சட்டென்று முன்னால் திரும்பினார்கள். திரும்பியதும் சடையாண்டிக்கு உறைத்தது. "அப்ப அங்க இருக்கவருக்கு?"

மறுபடி பின்னால் திரும்பினார்கள். அதற்குள் சாலையோர அரசமரத்தடியில் இடது பக்கம் ஒருவர் வந்தார், அடுத்த முக்கில் வலது பக்கம் ஒருவர் வந்தார். அந்தத் தீவில் முக்குக்கு முக்கு புத்தர். நாலு பேரும் வேனுக்குள் ராட்டினம் மாதிரி சுற்றினார்கள். நல்லமாயனுக்கு வாந்தி வந்தது. வண்டியை ஓரங்கட்டச் சொல்லி, இறங்கி, வட்டமாக உட்கார்ந்து ஆலோசனை நடத்தினார்கள்.

"ஒருத்தருக்கு மூஞ்சியக் காட்டுனா இன்னொருத்தருக்கு முதுகு தெரியுது. என்ன செய்யிறது சின்னையா?" என்று சடையாண்டி கேட்டான்.

மொக்கைச்சாமி கண்ணை மூடி யோசித்தார். "தப்பு மூஞ்சில இல்லடா. முதுகுலதான் இருக்கு."

"அதானே" என்றான் நல்லமாயன், வாயைத் துடைத்துக்கொண்டு.

"முதுக ஊர்லயே வச்சிட்டு வந்திருக்கணும்" என்றான் ஒச்சு.

"வந்தது வந்திருச்சு. இனி மறைக்கத்தான் வழி பாக்கணும். சடையாண்டி முதுக ஒச்சு முதுகு மறைக்கட்டும். ஒச்சு முதுகச் சடையாண்டி முதுகு மறைக்கட்டும். அப்ப யாரு முதுகு தெரியும்?"

எல்லோரும் யோசித்துப் பார்த்தார்கள். யார் முதுகும் தெரியாது. மொக்கைச்சாமியின் மூளையை நினைத்துச் சடையாண்டிக்குப் புல்லரித்தது.

அங்கேயே துண்டுகளை அவிழ்த்து, சடையாண்டியையும் ஒச்சுவையும் முதுகோடு முதுகு சேர்த்து இடுப்பில் கட்டினார்கள். மொக்கைச்சாமியும் நல்லமாயனும் இன்னொரு ஜோடி. நண்டு போல் பக்கவாட்டில் நடந்து வேனில் ஏறினார்கள்.

"என்ன செய்யிறியள்?" என்றார் தவராசா.

"நீங்க சொன்னதத்தான்" என்றார் மொக்கைச்சாமி.

அடுத்தது தம்புள்ளைக் குகைக்கோயில். மலைப்படி ஏறி உள்ளே போனால் சுற்றிலும் சிலைகள். நின்றவர், இருந்தவர், படுத்தவர் என்று சுவர் முழுக்கப் புத்தர். தனி ஆளாக வந்திருந்தால் நாம் கெட்டோம் என்று சடையாண்டி பெருமூச்சு விட்டான். வந்தவர்கள் எல்லோரும் சிலைகளை விட்டுவிட்டு இவர்களைப் பார்த்தார்கள்.

தவராசா அவர்களை ஓரமாகக் கூப்பிட்டார். "ஐயாமார், நான் சொன்னது படம் எடுக்கேக்கைதான். சிலைக்கு முன்னால முதுகு காட்டி நிண்டு படம் எடுக்கப்பிடாது. அவ்வளவுதான். சும்மா நடக்கலாம், திரும்பலாம், ஒரு பிரச்சினையும் இல்லை."

நாலு பேரும் இதையும் கவனமாகக் கேட்டார்கள். பிறகு சுற்றிலும் பார்த்தார்கள். குகை வாசலில் ஒருவர் படம் எடுத்துக்கொண்டிருந்தார். அரளி மரத்தடியில் இருவர், படிக்கட்டில் ஒரு கூட்டமே கைபேசியை நீட்டிக்கொண்டிருந்தது.

"எடுத்துக்கிட்டுத்தான இருக்காக" என்றான் சடையாண்டி.

"எடுத்து முடிக்கட்டும், அவுத்துருவோம்" என்றார் மொக்கைச்சாமி.

உல்லாசப் பயணிகள் படம் எடுத்து முடிப்பது என்பது உலகத்தில் இதுவரை நடக்காத காரியம். அதிலும் முதுகோடு முதுகு கட்டிய நாலு பேர் கண்ணெதிரே நின்றால் யார்தான் எடுக்காமல் விடுவார்கள்? இவர்கள் அவிழ்க்காததால் அவர்கள் எடுத்தார்கள், அவர்கள் எடுத்ததால் இவர்கள் அவிழ்க்கவில்லை.

சடையாண்டிக்கு ஒரே ஒரு கவலைதான். முதுகில் ஒச்சுவைக் கட்டிக்கொண்டு போனால் தீவில் பாதிதான் கண்ணில் படுகிறது. அவனுக்கு மலை வந்தால் ஒச்சுவுக்குக் குளம் வருகிறது. ஒச்சு "யானை, யானை" என்று கத்தினால், இவன் சுற்றி வருவதற்குள் ஒச்சு அந்தப் பக்கம் போய்விடுகிறான், வேனும் வளைவில் திரும்பிவிடுகிறது, யானை மறுபடியும் ஒச்சுவுக்கே போய்விடுகிறது.

"மாப்ள, நாளைக்குச் சிங்கப் பாறை. தலை ஒன் பக்கம் வந்துட்டா நான் ஒங்கக்காளுக்கு என்ன சொல்லுவேன்?"

"நான் பாத்துச் சொல்றேன் மச்சான்."

"நான் கண்ணால பாக்கணும்ல."

"அப்ப என் கண்ண மூடிக்கிறேன். எனக்குத் தெரியலைன்னா ஒங்களுக்குத்தான தெரியணும்?"

மைத்துனன் என்றால் இப்படி இருக்க வேண்டும் என்று சடையாண்டி நெகிழ்ந்து போனான்.

மறுநாள் சிகிரியா. காலண்டரில் இருந்த அதே பாறை. படியில் சடையாண்டி முன்னால் பார்த்து ஏற, ஒச்சு கண்ணை மூடிக்கொண்டு பின்பக்கமாக ஏறினான். ஏறுவதற்கும் இறங்குவதற்கும் தனித்தனி வழி இருந்தது நல்லதாயிற்று. ஏறுகிறவர்களின் வரிசை மட்டும் இவர்களைத் தாண்ட முடியாமல் பின்னால் அடிவாரம் வரைக்கும் நீண்டு நின்றது. பாதி உயரத்தில் ஒரு திடல் வந்தது. அங்கே இருந்தன அந்த இரண்டு பாதங்கள். ஒவ்வொரு நகமும் ஒரு ஆட்டுக்குட்டி அளவு. நடுவில் படிக்கட்டு. மேலே வெறும் பாறை.

சடையாண்டி மேலே பார்த்தான், கீழே பார்த்தான், சுற்றிச் சுற்றி வந்தும் பார்த்தான். தலை இல்லை. அவன் முகம் சுருங்கிவிட்டது.

"அந்தக் காலத்தில பெரிய சிங்கமா இருந்ததாம்" என்று தவராசா ஆறுதலாகச் சொன்னார். "வாய்க்குள்ளால பூந்துதான் மேல போவினமாம். பிறகு தலை இடிஞ்சு விழுந்திட்டுது."

"விழுந்த தலை எங்க?" என்றான் சடையாண்டி.

"அது... இல்லை ஐயா."

"விழுந்தா கீழதான கெடக்கணும்?"

தவராசாவும் ஒருதரம் கீழே எட்டிப் பார்த்தார். நாலு பேரும் அவருக்காகப் பரிதாபப்பட்டார்கள். படித்த மனிதர், ஆனால் யோசிக்கத் தெரியவில்லை. திடலில் நின்றபடியே ஆலோசனை கூடியது.

"பாதம் எந்தப் பக்கம் பாத்திருக்கு?" என்று மொக்கைச்சாமி ஆரம்பித்தார்.

"வெளிய பாத்திருக்கு."

"ஒடம்பு எங்க?"

"காணோம்."

"காணோம்னா பாறைக்குள்ள இருக்குன்னு அர்த்தம். வெளிய பாத்த பாதத்தோட ஒரு சீவன் உள்ள போகணும்னா எப்படிப் போகும்?"

சடையாண்டிக்குப் பளிச்சென்று வெளிச்சம் அடித்தது. "பின்னால நடந்து போகும்!"

"ஏன் பின்னால நடக்கணும்?"

"இந்தத் தீவுல முதுகு காட்டக் கூடாதுல்ல!"

"அதானே!" என்று நல்லமாயன் கத்திவிட்டான்.

சிங்கத்துக்கும் எவரோ சொல்லியிருக்கிறார்கள். மரியாதை தெரிந்த சிங்கம். முதுகு காட்டாமல் பின்பக்கமாகவே நடந்து பாறைக்குள் போய்விட்டது. முன்பாதம் இரண்டும் உள்ளே போக மிச்சம் இருக்கிறது, அவ்வளவுதான். தலை உள்ளே பத்திரமாக இருக்கிறது. சடையாண்டி அந்த நகத்தைத் தொட்டுக் கும்பிட்டான். வெள்ளத்தாய்க்குப் பதில் கிடைத்துவிட்டது. இந்தப் பதிலைச் சொல்லும்போது அவள் முகம் எப்படி மலரும் என்று நினைத்ததும் அவனுக்கு அழுகையே வந்தது. கண்ணை மூடியிருந்த ஒச்சுவும் காரணம் தெரியாமல் சேர்ந்து அழுதான்.

கண்டிக்குப் போனபோது இவர்கள் புகழ் முன்னாலேயே போய்விட்டிருந்தது. ஊருக்கு மேலே மலையில் ஒரு பெரிய வெள்ளைப் புத்தர் இருக்கிறார். எந்தத் தெருவில் நின்றாலும் தெரிவார். நாலு பேரும் ஏரிக்கரையைச் சுற்றி ஜோடி ஜோடியாகப் பக்கவாட்டில் நடந்தார்கள். இது தென்னாட்டு யாத்திரை முறை போலிருக்கிறது என்று நினைத்த வெள்ளைக்காரக் கூட்டம் ஒன்று, தாங்களும் முதுகோடு முதுகு சேர்த்துக்கொண்டு பின்னாலேயே வந்தது. அவர்களை அழைத்து வந்த வழிகாட்டி, தவராசாவை முறைத்தார். தவராசா வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

கடைசி நாள் விமான நிலையத்தில் தவராசா ஒவ்வொருவர் கையையும் பிடித்து விடை கொடுத்தார். நல்ல மனிதர். எல்லாம் சொன்னார். முதுகு காட்டாமல் இருப்பதை எங்கே நிறுத்த வேண்டும் என்பதை மட்டும் சொல்ல மறந்துவிட்டார்.

விமானத்துக்குள் என்ன நடந்தது என்று நாலு பேரும் இன்றுவரை சொல்வதில்லை. பணிப்பெண் இரண்டு தடவை கைகூப்பினாராம். அதற்கு மேல் நமக்குத் தெரியாது.

மதுரையில் இறங்கி, பஸ் பிடித்து, கொண்டைக்குளம் விலக்கில் வந்து நின்றார்கள். அங்கிருந்து ஊருக்கு மண்பாதை. மொக்கைச்சாமி கையை நீட்டித் திசை பார்த்தார்.

"கடல் அந்தப் பக்கம். தீவும் அந்தப் பக்கம். புத்தர் பூராவும் இப்ப ஒரே பக்கம் வந்துட்டாக. இனிக் கட்டு வேண்டாம். அவுத்துருங்க."

"அப்ப சும்மா நடக்கலாமா?" என்று ஒச்சு ஆசையாகக் கேட்டான்.

"சும்மா நடந்தா அத்தன பேருக்கும் ஒரே நேரத்துல முதுகு தெரியும்டா. பின்னால நட."

ஆகவே நாலு பேரும் கடல் இருக்கும் திசையைப் பார்த்தபடி, பின்பக்கமாக நடந்து ஊருக்குள் வந்தார்கள். சடையாண்டி மனசுக்குள் பதிலைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்துக்கொண்டான். 'பின்னால நடந்து உள்ள போயிருச்சு வெள்ளத்தாயி, தலை உள்ள இருக்கு.' அவன் முதுகு வீட்டு வேலியில் இடித்தது.

வெள்ளத்தாய் எருமைக் கன்றைத் துணியால் துடைத்துவிட்டுக்கொண்டிருந்தாள். நிமிர்ந்தாள். புருஷனின் முதுகு தெரிந்தது.

"ஏங்க, இன்னுமா கெளம்பல?"

"வெள்ளத்தாயி, நாங்க போயிட்டு வந்துட்டோம்!" என்றான் சடையாண்டி, பாதையைப் பார்த்தபடியே.

"வாரவுக மூஞ்சியக் காட்டுவாக. போறவுகதான் முதுகக் காட்டுவாக. எனக்கென்ன தெரியாதா?"

சத்தம் கேட்டு ஊர் கூடிவிட்டது. எல்லோரும் பார்த்தார்கள். நாலு முதுகும் தெளிவாகத் தெரிந்தது. கிளம்பிக்கொண்டுதான் இருக்கிறார்கள் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை.

"அக்கா, நாங்க போகையில எருமை சினையா இருந்துச்சு, இப்பக் கன்னு கத்துது கேளு!" என்று ஒச்சு வாதாடினான்.

"நல்ல சகுனம். நீங்க கெளம்புறதுக்குள்ளயே போட்டுருச்சு."

கடைசியில் பாதையில் இருந்த கால்தடத்தைப் பார்ப்பது என்று முடிவாயிற்று. ஊரே குனிந்து பார்த்தது. புழுதியில் அழகாகப் பதிந்திருந்தன தடங்கள். எல்லாத் தடத்திலும் குதிகால் ஊரைப் பார்த்திருந்தது, விரல் ரோட்டைப் பார்த்திருந்தது. உள்ளே வந்த தடம் ஒன்றுகூட இல்லை.

மொக்கைச்சாமி மண்டியிட்டு நெடுநேரம் பார்த்துவிட்டு எழுந்தார். நியாயஸ்தர். தனக்கு விரோதமாக இருந்தாலும் தீர்ப்பை மாற்றிச் சொல்ல மாட்டார். "கால் பொய் சொல்லாதுப்பா. நாம இன்னும் போகல."

"அதானே" என்றான் நல்லமாயன்.

சடையாண்டி பதறினான். "அப்ப அந்தச் சிங்கம்? வெள்ளத்தாயி, சிங்கத்தோட தலை..."

அவள் இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள். "பாக்காமச் சொல்லாதீக! கண்ணால பாத்துட்டு வந்துதான் சொல்லணும். சொல்லாம வீட்டுக்குள்ள வரக் கூடாது."

அவள் சொன்னது நியாயம்தான். போகாத ஊரில் பார்த்த சிங்கத்தை எப்படிச் சொல்வது? சடையாண்டி கண்ணைத் துடைத்துக்கொண்டு பையைத் தோளில் மாட்டினான். அவள் உள்ளே போய், சூடாகப் புளிச்சோறு கட்டிக்கொண்டு வந்து கொடுத்தாள். கொடுத்துவிட்டு அவன் சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டாள்.

"இம்புட்டு நேரமா முதுகையே பாத்துக்கிட்டு நிக்கிறேன். போகும்போதாவது என் மூஞ்சியப் பாத்துக்கிட்டே போங்களேன்."

சடையாண்டி தயங்கினான். "வீட்டப் பாத்துக்கிட்டுப் போனா தீவுக்கு முதுகு தெரியுமே சின்னையா?"

"நாமதான் இன்னும் அங்க போகலையே" என்றார் மொக்கைச்சாமி. "போன பெறகுதான தவராசா நமக்கு அதச் சொல்லணும்?"

எவ்வளவு சரியான பேச்சு! நாலு பேரும் வெள்ளத்தாயைப் பார்த்துத் திரும்பி நின்று, முகத்தைக் காட்டியபடியே, ரோட்டை நோக்கிப் பின்பக்கமாக நடக்க ஆரம்பித்தார்கள். அவள் முந்தானையால் கண்ணை ஒற்றிக்கொண்டு நின்றாள். அவர்கள் ஊர்க்கிணறு தாண்டினார்கள், களம் தாண்டினார்கள். அவள் முந்தானையை எடுத்துவிட்டுப் பார்த்தாள்.

பாதையில் நாலு முகம் தெரிந்தது. அதிலே ஒன்று தன் புருஷன் முகம். கீழே பார்த்தாள். புழுதியில் புதுத் தடங்கள், எல்லா விரலும் வீட்டைப் பார்த்திருந்தன.

"வந்துட்டாக!" என்று அலறினாள் வெள்ளத்தாய். "ஏய், எல்லாரும் வாங்க, இலங்கைக்குப் போனவுக வந்துட்டாக!"

ஊர் மறுபடி ஓடி வந்தது. ஒருத்தி ஆரத்தி கரைக்க உள்ளே ஓடினாள். வெள்ளத்தாய் இரண்டு கையையும் வாயில் குவித்துக் கூப்பிட்டாள்: "ஏங்க! சிங்கத்துக்குத் தலை இருந்துச்சா?"

சடையாண்டி குனிந்து தன் தடத்தைப் பார்த்தான். விரல்கள் வீட்டைப் பார்த்திருந்தன. அப்படியென்றால் போயாயிற்று, பார்த்தாயிற்று, சொல்லலாம். அவனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை.

"இருக்கு வெள்ளத்தாயி! பின்னால நடந்து பாறைக்குள்ள போயிருச்சு! தலை உள்ள இருக்கு!"

அவள் முகம் அவன் நினைத்தபடியே மலர்ந்தது. ஆனால் அவ்வளவு தூரத்திலிருந்து அது அவனுக்குச் சரியாகத் தெரியவில்லை.

"அதான் சொல்லிட்டீகள்ல, பெறகென்ன? வெரசா வீட்டுக்கு வாங்க, ஆரத்தி கரைச்சாச்சு!"

"வந்துக்கிட்டுத்தான் இருக்கேன்!" என்று கத்திக்கொண்டே பின்னால் நடந்தான் சடையாண்டி, ரோட்டில் நின்ற பஸ்ஸில் முதுகு இடிக்கும் வரைக்கும்.